சிவப்புப் புள்ளி வைத்த தாடை

அந்த அறையில் அறுநூறு சொச்சம் வாய்கள் இருந்தன. அவற்றில் பேசக்கூடியவை இரண்டுதான். மூன்றாவது மாடி, ஒரே ஜன்னல், மூன்று சுவர்களிலும் கூரை முட்ட மர அலமாரி. தட்டுத் தட்டாக பிளாஸ்டரில் வார்த்த தாடைகள், மேல் ஒன்று கீழ் ஒன்று என்று ஜோடி ஜோடியாகக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தன. கொரியர் கொண்டுவருகிற புது ஆட்கள் பொட்டலத்தை வாசலிலேயே வைத்துவிட்டு, கையெழுத்துகூடக் கேட்காமல் படியிறங்கி ஓடிவிடுவார்கள். அவளுக்கு அது வேலை செய்கிற இடம், அவ்வளவுதான். இருபத்திரண்டு வருடமாக அந்தத் தாடைகளுக்கு நடுவில்தான் அவள் சோறு தின்றிருக்கிறாள், தூங்கியிருக்கிறாள், மெழுகண்ணனோடு சண்டை போட்டிருக்கிறாள்.

பல் டாக்டர்கள் நோயாளியின் வாயில் அச்சு எடுத்து அனுப்புவார்கள். அந்த அச்சில் பிளாஸ்டர் கரைத்து ஊற்றி மாடல் வார்ப்பது அவள் வேலை. அதன்மேல் மெழுகில் பல் செதுக்குவது மெழுகண்ணன் வேலை. அவர் நிஜப் பெயர் சம்பளப் புத்தகத்தில் மட்டும் இருந்தது. தூக்கத்தில் பல்லை அரைக்கிறவர்களுக்குப் போடுகிற பல்லுறைகளைச் செய்வதும் அவள்தான். கண்ணாடி மாதிரி இருக்கும், மேல் பல் வரிசையில் மாட்டிக்கொண்டு படுத்தால் பல்லும் பல்லும் உரசாது. இத்தனை வருடத்தில் ஆயிரக்கணக்கில் செய்திருப்பாள். யாருடைய முகமும் அவளுக்குத் தெரியாது. ஆனால் மாடலைக் கையில் எடுத்தாலே, இவர் பேனா மூடியைக் கடிக்கிறவர், இவர் இடது பக்கமே மெல்லுகிறவர், இவர் மேலதிகாரியைத் திட்ட முடியாமல் பல்லைக் கடித்துக்கொண்டு காலம் தள்ளுகிறவர் என்று ஜோசியம் மாதிரிச் சொல்லிவிடுவாள். பெரும்பாலும் சரியாகவே இருக்கும். தன் வாய்க்குள் நடப்பது மட்டும்தான் அந்தக் கெட்டிக்காரிக்குத் தெரியாமல் போயிற்று.

அவள் அக்கா இறந்து இரண்டாவது மாதம் காதில் வலி தொடங்கியது. காது டாக்டர் விளக்கடித்துப் பார்த்து, காது சுத்தமாக இருக்கிறது என்றார். வலி நெற்றிப்பொட்டுக்கு ஏறியது. கண்ணாடி மாற்றினாள். பிறகு கீழ்க் கடைவாய்ப் பல்லுக்கு இறங்கியது. தெருமுனைப் பல் டாக்டர் ஒருவர் எதற்கும் பிடுங்கிவிடலாம் என்று இடுக்கியோடு வந்தபோது, அவள் தன் தொழிலை நினைத்து எழுந்து வந்துவிட்டாள். அது ஒன்றுதான் அந்த வருடம் அவள் செய்த புத்திசாலித்தனம்.

ஒருநாள் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு, வழக்கம்போல மேஜைமேல் தலை சாய்த்து அரைமணி தூங்கி எழுந்தாள். எதிரே மெழுகண்ணன் பேயறைந்த மாதிரி நின்றுகொண்டிருந்தார்.

"தங்கச்சி, ஒரு வாரமா சொல்லலாமா வேணாமான்னு இருந்தேன். மத்தியானம் ஆனா இந்த அலமாரியில பல்லு அரைக்கிற சத்தம் கேக்குது. இன்னிக்கு ஒவ்வொரு தட்டா காதை வெச்சுப் பார்த்தேன்."

"எந்தத் தட்டு?"

"தட்டு இல்ல. நீதான்."

அவளுக்குச் சிரிப்பு வந்தது, பிறகு தாடை வலித்தது. வலியும் அரைப்பும் ஒன்றுதான் என்று அவளுக்கு அப்போதுதான் உறைத்தது. ஊருக்கெல்லாம் உறை செய்து கொடுக்கிறவள் டாக்டரிடம் போவாளா? தானே தன் வாயில் அச்சு எடுத்தாள், தானே மாடல் வார்த்தாள், தானே உறை செய்து மாட்டிக்கொண்டாள். உறை மேல்பல்லில் கச்சிதமாகப் போய் உட்கார்ந்தது. முன்பக்கம் விளிம்பில், நாக்கு படும் இடத்தில், அரிசி முனையளவு ஒரு சின்ன மேடு மட்டும் இருந்தது. வேறு யாருக்காவது செய்ததாக இருந்தால் தேய்த்து மழமழப்பாக்கியிருப்பாள். தனக்குத்தானே என்று விட்டுவிட்டாள். படுத்ததும் நாக்கு தானாகவே அந்த மேட்டைத் தேடிப் போய்த் தொட்டுக்கொண்டது. அது ஏனோ அவளுக்குப் பிடித்திருந்தது.

முதல் பத்து நாள் வலி குறைந்த மாதிரி இருந்தது. அதற்குப் பிறகு காலையில் எழுந்தால் தாடை இடது பக்கம் ஒதுங்கி நின்றது. கையால் தள்ளினால் நேராகும், மதியத்துக்குள் மறுபடி ஒதுங்கிவிடும். அவள் கணவர் லிஃப்ட் பழுது பார்க்கிறவர், சத்தத்தையும் கோணலையும் கண்டுபிடித்தே வயிறு வளர்க்கிறவர். ஒரு காலை அவள் குழாயடியில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தபோது அவர் காபித் தம்ளரோடு வந்தவர், வாசற்படியிலேயே நின்றுவிட்டார்.

"என்னங்க?"

"ஒண்ணுமில்ல. நீ வாயை அப்படி வெச்சுக்காத."

"எப்படி?"

அவர் தம்ளரைக் கீழே வைத்தார். பிறகு, "குண்டூசி வெச்சிருக்கிற மாதிரி," என்றார்.

அந்த வீட்டில் வாயில் குண்டூசி வைத்துக்கொள்கிறவள் ஒருத்திதான் இருந்தாள். அக்கா தையல்காரி. பின்னறையில் மெஷின் போட்டுக்கொண்டு, அக்கம்பக்கத்துத் துணிகளுக்குக் கை குறைப்பது, இடுப்புப் பிரிப்பது என்று முப்பது வருடம் ஓட்டியவள். வாயின் இடது ஓரத்தில் நான்கைந்து குண்டூசிகள் எப்போதும் இருக்கும், அதோடேயே பேசுவாள், அதோடேயே சிரிப்பாள். அதனால் வாய் இடது பக்கம் கொஞ்சம் கோணி நின்றுவிட்டது. ஊசி இல்லாதபோதும் இருக்கிற மாதிரியே இருக்கும். கத்தரிக்கோல் பக்கத்திலேயே கிடந்தாலும் நூலைப் பல்லால் வெட்டுவாள். அக்காவை எரித்துவிட்டு வந்து பதினொரு மாதம் ஆகியிருந்தது.

அன்று முதல் அவள் கண்ணாடியைப் பார்ப்பதைத் தவிர்த்தாள். ஆனால் தாடை அவளைத் தவிர்க்கவில்லை. சாப்பாட்டை இடது பக்கமே ஒதுக்கியது. ஒருநாள் கணவர் சட்டைக்குப் பொத்தான் தைத்தாள், அவளுக்குத் தையல் என்றாலே ஆகாது. தைத்து முடித்ததும் தலை தானாகக் குனிந்தது. நூல் 'டிக்' என்று பல்லில் அறுந்தது. அவள் கையிலிருந்த கத்தரிக்கோலையே வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அந்த வாரக் கடைசியில் கதவு தட்டப்பட்டது. வெளியூர் போய் ஒரு வருடம் கழித்துத் திரும்பிய ஒரு பெண், அக்காவின் பழைய வாடிக்கை. அக்கா போன சேதி அவளுக்குத் தெரியாது. அக்கா தங்கை இரண்டு பேரையும் நன்றாக அறிந்தவள்தான். அப்படியிருந்தும் நேராக இவள் முகத்தைப் பார்த்தபடி, "தையலக்கா, கோட்டுக்குக் கை குறைக்கக் குடுத்துட்டுப் போனேனே, முடிஞ்சிடுச்சா?" என்று கேட்டாள்.

நான் அவள் இல்லை, அவள் செத்துப்போய்விட்டாள் என்று சொல்ல வாயெடுத்தாள். வாய் ஒரு விரலுக்கு மேல் திறக்கவில்லை. அந்த இடுக்கு வழியாக, இடது ஓரத்திலிருந்து, "நாளைக்கு வாங்க," என்று ஒரு குரல் வந்தது. வந்தவள் தலையாட்டிவிட்டுப் போய்விட்டாள். இவள் கதவைச் சாத்தி அதன்மேலேயே சாய்ந்து நின்றாள். 'நாளைக்கு' என்ற அந்த வார்த்தைதான் அவளை உலுக்கியது. அது அக்காவின் வார்த்தை இல்லை, அவளுடையது. அக்காவிடம் அவள் ஏழு மாதம் சொல்லிக்கொண்டிருந்த வார்த்தை.

மறுநாள் காலை கஞ்சிக் கரண்டி உதட்டில் இடித்து நின்றது. உள்ளே போகவில்லை. வாய் பூட்டிக்கொண்டுவிட்டது என்று தெரிந்ததும் அவளுக்கு அழக்கூடப் பயமாக இருந்தது. கணவர் வேலைக்கு லீவு சொல்லிவிட்டு, அவள் எதுவும் சொல்வதற்குள் செருப்பை எடுத்து அவள் காலடியில் வைத்தார்.

போனது அவளுக்குத் தெரிந்த டாக்டரிடம்தான். தெரிந்தவர் என்றால் போனில் மட்டும். எட்டு வருடமாக அச்சுகள் அனுப்பி, 'அம்மா, இதைக் கொஞ்சம் சீக்கிரம் முடிச்சுக் குடுங்க' என்று கெஞ்சுகிற குரல். நேரில் பார்த்தால் சின்னப் பெண், மூக்குக் கண்ணாடி, வேகமான கை. கதையை முழுக்கக் கேட்டாள். பிறகு எழுந்து, நோயாளியின் பின்னால் நின்று, இரண்டு கன்னங்களிலும் விரல்களை வைத்துப் பல்லைக் கடிக்கச் சொன்னாள். தாடை மூலையில் ஒரு கட்டி புடைத்து எழுந்தது. டாக்டர் அதை அழுத்தியதும் வலி நேராகக் காதுக்குள் போய்க் குத்தியது. பொட்டில் அழுத்தினாள், வலி பல்லுக்குப் போயிற்று.

"காதுலயும் ஒண்ணுமில்ல, பல்லுலயும் ஒண்ணுமில்ல," என்றாள் டாக்டர். "மெல்லுற தசைதான் வலிக்குது. அது தன் வலியை வேற இடத்துல காட்டும். அதான் எல்லாரும் ஏமாந்திருக்காங்க."

அளவுகோலை வைத்துப் பார்த்தாள். மூன்று விரல் நுழைய வேண்டிய இடத்தில் ஒன்று நுழையவே திண்டாடியது. படம் எடுத்துப் பார்த்ததில் தாடைக் கீலுக்குச் சேதம் இல்லை. இன்னும் சில வாரம் இப்படியே விட்டால் கீலும் கெட்டுவிடும், அதற்குப் பிறகு வாய் பழையபடி திறக்கும் என்று தன்னால் சொல்ல முடியாது என்று டாக்டர் பட்டென்று உடைத்துச் சொன்னாள். கடைசியாக அந்த உறையைக் கேட்டாள். மாட்டச் சொல்லி, கடி படுகிற இடத்தில் நிறம் ஒட்டும் நீலத் தாளைப் பல்லுக்கு நடுவே வைத்துக் கடிக்கச் சொன்னாள். எடுத்துப் பார்த்தால் நீலம் இடது ஓரத்தில் மட்டும் திட்டாக ஒட்டியிருந்தது, மற்ற இடமெல்லாம் வெளேரென்று கிடந்தது. இதை வாயில் வைத்துச் சரிபார்த்த டாக்டர் யார் என்று கேட்டாள். அவள் விரலைத் தன் பக்கமே திருப்பிக் காட்டினாள். போனில் கெஞ்சுகிற பெண்ணுக்கு நேரில் அதட்டவும் தெரிந்திருந்தது. நாளைக்கே அந்த உறையைச் செய்த மாடல்களைக் கொண்டுவர வேண்டும் என்று சொல்லி அனுப்பினாள்.

இங்கே ஒரு பழக்கத்தைச் சொல்லியாக வேண்டும். வெளியிலிருந்து வருகிற ஒவ்வொரு மாடலுக்கும் எண் உண்டு, பதிவேடு உண்டு. ஆனால் வேலை செய்கிறவர்கள் தங்கள் வீட்டு ஆட்களுக்குச் செய்வதற்கு எண் கிடையாது. மாடலின் அடியில் சிவப்புப் பென்சிலால் ஒரு புள்ளி வைத்து, ஜன்னலோரக் கடைசித் தட்டில் வைத்துவிடுவார்கள். முதலாளிக்கும் தெரியும், தெரியாத மாதிரி இருப்பார். பெயர் எழுதுவதில்லை. தன் வீட்டு ஆளின் பல் தனக்குத் தெரியாமல் போகுமா என்கிற திமிர்தான்.

மறுநாள் மாடல்களைக் கீல் சட்டத்தோடு கொண்டுபோனாள். இரும்பில் செய்த சின்னச் சட்டம், மேல் தாடையையும் கீழ்த் தாடையையும் ஒட்டிவைத்தால் வாய் மாதிரியே திறந்து மூடும். டாக்டர் அதைத் திறந்து, விளக்குக்கு நேரே பிடித்தாள். நோயாளியின் வாயைப் பார்த்தாள். மறுபடி மாடலைப் பார்த்தாள்.

"மேல்பல்லு உங்களோடது. கீழ்ப்பல்லு யாரோடது?"

அவளுக்கு ஒன்றும் விளங்கவில்லை.

"இதுல கீழ் முன்பல்லுல ஒரு வெட்டு இருக்கு பாருங்க. நூலைக் கடிச்சுக் கடிச்சு விழுந்த வெட்டு. உங்களுக்கு அது இல்லையே."

அவள் மாடலைக் கையில் வாங்கி, அந்த வெட்டில் நகத்தை வைத்துப் பார்த்தாள். உறையில் இருந்த மேடு இந்த வெட்டின் பள்ளம் நிரம்பி வந்தது என்று புரிந்தது. பெயரில்லாமல் ஒரே தட்டில் கிடந்த இரண்டு சிவப்புப் புள்ளி ஜோடிகளில் கீழ்த் தாடை மாறிப்போயிருக்கிறது. மேலே தன் தாடையையும் கீழே செத்துப்போனவளின் தாடையையும் ஒட்டி, அவை ஆடாமல் அசையாமல் அத்தனை பொருத்தமாகப் போய் உட்கார்ந்தன என்று சந்தோஷப்பட்டு, அந்தக் கடிக்கு உறை செய்திருக்கிறாள். உடன்பிறந்தவர்கள் தாடை, பொருந்தாமல் என்ன செய்யும்? இரண்டு மாதமாக ஒவ்வொரு தூக்கத்திலும் அவள் தாடை, அக்கா கடிக்கிற இடத்தைத் தேடி இடது பக்கம் நகர்ந்திருக்கிறது. நூலைக் கடித்ததும் வாசலில் பேசியதும் எங்கிருந்து வந்தன என்பதற்கு மட்டும் அந்த மாடலில் பதில் இல்லை. டாக்டரிடம் அவள் அதைக் கேட்கவுமில்லை.

அக்காவின் மாடல் அங்கே ஏன் இருந்தது என்று டாக்டர் கேட்டாள். வாய் திறந்த அந்த ஒரு விரல் இடுக்கு வழியாகவே அவள் எல்லாவற்றையும் சொன்னாள். அக்கா சின்ன வயதிலிருந்தே தூக்கத்தில் பல் அரைப்பவள். ஒரே பாயில் படுத்த காலத்தில் அந்தச் சத்தம்தான் தனக்குத் தாலாட்டு. கடைசி வருடம் தாடை வலிக்கிறது, உனக்குக் கைவந்த வேலைதானே, எனக்கும் ஒரு உறை செய்து கொடு என்று அக்கா கேட்டாள். இவளும் அச்சு எடுத்து, மாடல் வார்த்து, புள்ளி வைத்துத் தட்டில் வைத்தாள். அதோடு சரி. மாதம் பத்து உறை யார் யாருக்கோ போயிற்று. அக்கா வாரத்துக்கு ஒருமுறை கேட்பாள். 'நாளைக்குக்கா.' கேட்பதை அக்கா நிறுத்தியதைக்கூட இவள் கவனிக்கவில்லை. ஒரு மதியம் மெஷின்மேலேயே சாய்ந்து அக்காவின் மூச்சு நின்றது, இதயம் என்றார்கள். பல்லுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை என்று எல்லோரும் சொன்னார்கள். அது உண்மைதான், அதனால் இவளுக்கு ஒரு ஆறுதலும் கிடைக்கவில்லை.

அவள் சொல்லி முடித்ததும் டாக்டர் தன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டாள்.

"சாப்பிடறப்போ தவிர மேல்பல்லும் கீழ்ப்பல்லும் தொடவே கூடாதும்மா. நீங்க ஒரு வருஷமா பகல்லயும் கடிச்சுக்கிட்டே இருக்கீங்க. அழவேண்டியதையும் சேர்த்துக் கடிச்சு வெச்சிருக்கீங்க."

வைத்தியம் ஒன்றும் பெரிதாக இல்லை. பழைய உறையை டாக்டர் மேஜை இழுப்பறையில் போட்டுப் பூட்டினாள். தினம் இரண்டு வேளை வெந்நீரில் பிழிந்த துணியைக் கன்னத்தில் பத்து நிமிடம் வைக்க வேண்டும், பிறகு விரல்களால் வட்டமாகத் தடவ வேண்டும். கடினமாக மெல்லுகிற எதுவும் கூடாது. கொட்டாவி வந்தால் முகவாயைக் கையால் தாங்கிக்கொள்ள வேண்டும். நாக்கு நுனி மேல் முன்பல்லுக்குப் பின்னால் தொட்டிருக்க, உதடு மூடியிருக்க, பற்கள் விலகியிருக்க வேண்டும். மறந்துபோகும் என்பதால் கண்ணில் படுகிற இடத்திலெல்லாம் ஏதாவது அடையாளம் வைத்து, அதைப் பார்க்கும்போதெல்லாம் தாடையைத் தளர்த்தச் சொன்னாள். அவளுக்குத் தெரிந்த அடையாளம் ஒன்றுதான். கண்ணாடி மூலையில், குழாய்மேல், பஸ் பாஸில், பிளாஸ்டர் கிண்ணத்தில் எல்லாம் சிவப்புப் புள்ளி வைத்தாள். ஒவ்வொரு புள்ளியைப் பார்க்கும்போதும் பல் கடித்துக்கொண்டுதான் இருந்தது. தளர்த்தினாள். தளர்ந்ததும் அழுகை வந்தது. பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர்கள் பாவம், என்ன நினைத்தார்களோ.

இரண்டாவது வாரம் வாய் ஒன்றரை விரல் திறந்தது, நான்காவது வாரம் இரண்டு. அக்காவின் கீழ்த் தாடையைச் சட்டத்திலிருந்து பிரித்துக் கடைசித் தட்டில் அதன் ஜோடியோடு வைத்துவிட்டு, இந்த முறை சரியான ஜோடியை வைத்துப் புது உறை செய்தாள். டாக்டர் அதை வாயில் வைத்து நீலத் தாளால் மூன்று தடவை பார்த்துச் சீவினாள். ஆறாவது வாரம் மூன்று விரல் நுழைந்தது. தாடை நேராக நின்றது. அன்று பூட்டிய வீட்டைப் பார்த்துவிட்டுப் போன கோட்டுக்காரி மறுபடி வந்தபோது உண்மையைச் சொல்லி, இருவரும் பின்னறையில் உட்கார்ந்து அந்தக் கோட்டைத் தேடி எடுத்தார்கள். கை குறைத்து, மடித்து, தயாராகவே வைத்திருந்தாள் அக்கா. இவள் கோட்டை மடியில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் கொடுக்காமலே உட்கார்ந்திருந்தாள்.

கதை இதோடு முடிந்திருக்கலாம். ஆனால் அதற்கடுத்த வாரம் மதியம், மெழுகண்ணன் மெழுகு செதுக்கும் கரண்டியைக் கீழே வைத்துவிட்டு அவளைப் பார்த்தார்.

"தங்கச்சி, மறுபடி அரைக்கிறியே. உறை போட்டுக்கலையா?"

அவள் அன்று தூங்கவில்லை. கண்ணைத் திறந்துகொண்டு, வாயையும் கொஞ்சம் திறந்துகொண்டு, பிளாஸ்டர் காய்வதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அது அவருக்கும் அடுத்த கணம் தெரிந்துவிட்டது. இருவரும் அசையாமல் உட்கார்ந்தார்கள். நறநறவென்று மெல்லிசாக, விட்டு விட்டு, ஜன்னலோரக் கடைசித் தட்டிலிருந்து அது வந்தது. அவளுக்கு அந்தச் சத்தத்தை யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. ஒரே பாயில் படுத்துக் கேட்டு வளர்ந்த சத்தம்.

மெழுகண்ணன் அன்று வேலை முடியுமுன்பே வீட்டுக்குப் போய்விட்டார். அவள் எழுந்து கடைசித் தட்டுக்குப் போனாள். அடியில் புள்ளி வைத்த அக்காவின் மேல் தாடையை எடுத்தாள், வெட்டு விழுந்த கீழ்த் தாடையை எடுத்தாள். நூலைக் கடித்த பல்லை ஒருமுறை தடவிப் பார்த்தாள். கீல் சட்டத்தில் ஒட்டினாள். பிளாஸ்டர் இறுகும்வரை இரண்டையும் கையாலேயே சேர்த்துப் பிடித்துக்கொண்டிருந்தாள். பயம் இருந்தது, ஆனால் கையை எடுக்கவில்லை. ஜன்னலில் வெயில் இறங்குவதற்குள் உறை தயாராயிற்று. விளிம்பைத் தேய்த்தாள், மழமழப்பாக்கினாள், தண்ணீரில் அலசினாள். அக்காவின் மேல் பல் வரிசையில் மாட்டிவிட்டு, சட்டத்தை மெதுவாக மூடித் தட்டில் வைத்தாள்.

"செஞ்சுட்டேன்க்கா," என்றாள். வாய் முழுசாகத் திறந்து சொன்னாள்.

மறுநாள் மதியம் சாப்பிட்டுவிட்டு இருவரும் பேசாமல் உட்கார்ந்திருந்தார்கள். கால்மணி ஆயிற்று, அரைமணி ஆயிற்று. மெழுகண்ணன் நீளமாக மூச்சுவிட்டு, "இன்னிக்கு ஒண்ணும் கேக்கலை," என்று சொல்லிவிட்டுக் கரண்டியை எடுத்தார்.

அவளுக்கும் கேட்கவில்லை. நிம்மதியாக இருக்கும் என்றுதான் நினைத்திருந்தாள். வேலையைத் தொடங்காமல், கிண்ணத்துச் சிவப்புப் புள்ளியைப் பார்த்தபடி, இன்னும் ஒரே ஒரு தடவை கேட்டுவிடாதா என்று மணி மூன்றடிக்கும்வரை காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.